சமையலறைச் சுவரில் பிப்ரவரி வெயில்

முப்பது வருடம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்த என்னிடம் யாரும் சுலபத்தில் நல்ல பெயர் வாங்கிவிட முடியாது. பெரிய டாக்டர்களிடமே குறை கண்டுபிடித்தவள் நான். அதனால் பெங்களூர் லிங்கராஜபுரத்தில் எங்கள் வீட்டு மாடிப் போர்ஷனைக் கேட்டு அந்தப் பெண் வந்து நின்றபோது முதலில் அவள் செருப்பைப் பார்த்தேன், பிறகு நகத்தைப் பார்த்தேன். இரண்டும் சுத்தமாக இருந்தன. என்ன வேலை என்று கேட்டேன்.

"சினிமா ஆன்ட்டி."

"நடிக்கிறியா?"

"இல்ல ஆன்ட்டி. நடிக்கிறவங்களை எடுக்கிறேன். கேமரா."

பின்னாலிருந்து என் வீட்டுக்காரர் ஆர்வமாக எட்டிப் பார்த்து, என்னென்ன படம் என்று விசாரித்தார். அவள் சொன்ன மூன்று பெயரும் எங்கள் இருவருக்குமே தெரியவில்லை. பெரிய கம்பெனி, பெரிய ஹீரோ எதுவும் இல்லாமல் ஏழெட்டுப் பேர் சேர்ந்து தாங்களே எடுக்கிற படங்களாம். தியேட்டருக்கு வராது, விழாக்களில் போடுவார்களாம். "தியேட்டருக்கு வராத படத்துக்கு எதுக்கும்மா கேமரா?" என்று கேட்டுவிட்டேன். அவள் கோபித்துக்கொள்ளாமல் வாய்விட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்புக்காகத்தான் வீட்டைக் கொடுத்தேன் என்று இப்போது சொல்லிக்கொள்கிறேன். உண்மையில் வந்த நாலு பேரில் இவள் ஒருத்திதான் மாடிப்படி ஏறும்போது செருப்பைக் கழற்றியவள்.

சமீபத்தில் ஒரு பத்திரிகையில் அவளைப் பற்றி ஒரு பக்கம் எழுதியிருந்தார்கள். சின்ன வயதிலேயே ஜன்னல் வழியாக வரும் ஒளிக்கற்றைகளைப் பார்த்து மயங்கி நின்றவள் என்று போட்டிருந்தது. அவள் அப்படிச் சொல்லியிருக்க மாட்டாள். எனக்கு அவள் சொன்ன கதை வேறு. அத்திபெலேயில் அவள் அப்பா மெஸ் நடத்தினார். பி.காம். முடித்துவிட்டு, கணக்கு எழுதப் பிடிக்காமல், கல்யாண வீடியோ எடுக்கிற கோஷ்டியோடு லைட் பிடிக்கப் போனாள். ஒரு முகூர்த்தத்தில் கேமராக்காரர் காய்ச்சல் வந்து மண்டபத்துப் படிக்கட்டிலேயே படுத்துவிட்டார். தாலி கட்டும் நேரத்தில் இவள் கையில் கேமராவைத் திணித்தார்கள்.

"தாலிக்கு ரீடேக் கிடையாதுல்ல ஆன்ட்டி? எல்லாரும் பயந்தாங்க. எனக்குக் கை நடுங்கவே இல்ல. அப்பதான் இது நம்ம வேலைன்னு தெரிஞ்சுது."

கை நடுங்காதவர்களை எனக்குப் பிடிக்கும். என் வேலையிலும் அதுதான் முக்கியம்.

அதற்குப் பிறகு படிப்பு, பெரிய ஒளிப்பதிவாளர்களிடம் உதவியாளர் வேலை, டாகுமெண்டரிகள். துப்புரவுத் தொழிலாளிகளைப் பற்றி ஒன்று, ஏரி வற்றிப்போன ஊரைப் பற்றி ஒன்று. நான் பார்த்தது அவள் மாடிப்படி ஏறி இறங்குவதைத்தான். கறுப்புப் பைகளைக் கைக்குழந்தையைத் தூக்குவது போல் அணைத்துக்கொண்டு இறங்குவாள். மழை வந்தால் பைக்குக் குடை, அவளுக்கு இல்லை. அடிக்கடி ஏதாவது இரவல் கேட்டு வருவாள். கறுப்புக் கம்பளி, தெர்மாகோல் அட்டை, பட்டர் பேப்பர். ஒருமுறை நற்கருணை ஞாயிற்றுக்கிழமைக்கு நான் கட்டுகிற வெள்ளைப் புடவையை வாங்கிக்கொண்டு போனாள். மொட்டை மாடியில் ஒரு கிழவரின் முகத்தில் வெளிச்சம் திருப்பிவிடுவதற்காக அதைக் கொடியில் விரித்திருந்தாள். துவைத்து, இஸ்திரி போட்டுத்தான் திருப்பித் தந்தாள். ஆனாலும் நான் திட்டினேன். திட்டாவிட்டால் எனக்கு அன்றைய சாப்பாடு செரிக்காது.

நாலு வருடம் கழித்து, முழுநீளப் படம் ஒன்று அவளுக்குக் கிடைத்தது. அதுவரை அவள் செய்ததெல்லாம் சின்னப் படங்கள், இல்லாவிட்டால் பெரிய படத்தில் இரண்டாவது கேமரா. முதல்முறையாக, ஒளிப்பதிவு என்று போட்டு அவள் பெயர் ஒன்றே தனியாக வரப்போகிற படம். இயக்குநர் கன்னடக்காரப் பையன், எப்போதும் அவசரத்தில் இருப்பான். மகள் வீட்டை விட்டுப் போன பிறகு தனியாகிவிடுகிற ஓர் அம்மாவின் கதை. அதற்கு எங்கள் சமையலறையைக் கேட்டாள்.

"இந்த இடுக்குல என்ன இருக்கு?" என்றேன்.

அவள் ஜன்னலைக் காட்டினாள். கிழக்குப் பார்த்த ஜன்னல். எதிரே இரண்டு வீடுகள், நடுவில் ஒரு சந்து. நவம்பரில் சில நாட்கள் மட்டும் காலை வெயில் அந்தச் சந்து வழியாக நேராக உள்ளே வந்து, எதிர்ச்சுவரில் கரண்டி மாட்டியிருக்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஒரு கட்டமாக விழுகிறது என்றாள். இருபத்தைந்து வருடமாக அங்கே சமைக்கிறேன். எனக்கு அது தெரியாது. தெரியாது என்று சொல்ல மனமில்லாமல், "ஆமா, விழும்" என்றேன். கட்டம் விழவேண்டிய இடத்தில் அவள் ஒரு சின்னப் பேப்பர் டேப் ஒட்டினாள். படத்தின் கடைசி ஷாட் அதுதான். அந்த அம்மா தன் உள்ளங்கையை அந்த வெயிலில் வைத்துப் பார்க்கிறாள். அவ்வளவுதான், வசனம் இல்லை.

ஒரு வாரம் எங்கள் வீட்டில் படப்பிடிப்பு நடந்தது. அவள் வேலை செய்வதை அப்போதுதான் கிட்டத்தில் பார்த்தேன். சத்தம் போட மாட்டாள். கவிழ்த்த பக்கெட்டின் மேல் உட்கார்ந்து, லென்ஸ் வளையத்தில் விரலை வைத்துக்கொண்டு காத்திருப்பாள். ஊசி போடுவதற்கு முன் நரம்பு எங்கே என்று தடவிப் பார்ப்போமே, அந்த விரல். அந்த வாரம் அவளிடம் குறை சொல்ல ஒன்றுமே கிடைக்காமல் எனக்கு எரிச்சலாக இருந்தது. அலமாரி மேல் ஒரு சின்ன கேமராவையும் நாள் முழுக்க ஓட விட்டிருந்தாள். சுவரில் வெளிச்சம் எப்படி நகர்கிறது என்று பார்ப்பதற்காம்.

அந்தக் கூட்டத்தில் ஒலிப்பதிவு செய்கிறவர் ஒருவர் இருந்தார், விவேக் நகர்க்காரர். ஃப்ரிட்ஜ் போடும் உறுமல் அவருடைய மைக்கில் விழுமாம். அதனால் ஷாட் எடுக்கும்போது ஃப்ரிட்ஜை அணைத்துவிடுவார். அணைத்ததும் தன் பைக் சாவியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்துவிடுவார். சாவி இல்லாமல் வீட்டுக்குப் போக முடியாது, சாவியை எடுக்க ஃப்ரிட்ஜைத் திறந்தால் மறுபடி சுவிட்சைப் போடும் ஞாபகம் வந்துவிடும். அந்தத் தொழிலில் வழக்கமாம். நல்ல ஏற்பாடு என்று நினைத்தேன். இதை எனக்குச் சொன்னார்கள். என் வீட்டுக்காரருக்கு யாரும் சொல்லவில்லை.

சனிக்கிழமை. மறுநாள் எங்கள் சபையில் அறுப்பின் பண்டிகை, கோயில் வளாகத்தில் ஒவ்வொரு சங்கமும் கடை போட்டு விற்கும். பெண்கள் ஐக்கிய சங்கத்தின் கடைக்கு மசாலா தடவிய கோழிக்கறி முழுவதும் எங்கள் ஃப்ரிட்ஜில் இருந்தது. சாயங்காலம் நாங்கள் கடை ஜோடிக்கக் கோயிலுக்குப் போய்விட்டோம். திரும்பி வந்து களைப்பில் அப்படியே படுத்தோம். ஞாயிறு விடியற்காலையில் ஃப்ரிட்ஜைத் திறந்தேன். உள்ளே விளக்கு எரியவில்லை. வாசனையைப் பற்றி எழுத வேண்டாம். பிணவறைப் பக்கம் டியூட்டி பார்த்தவள் நான், எனக்கே மூக்கைப் பொத்தத் தோன்றியது.

நான் போட்ட சத்தத்தில் மாடியிலிருந்து அவள் ஓடிவந்தாள். அன்று காலைதான் அந்தக் கடைசி ஷாட் எடுப்பதாக இருந்தது. நாங்கள் கோயிலில் இருக்கும் நேரத்தில்.

"என் வீட்டுல இனிமே கேமரா, கத்திரிக்கா ஒண்ணும் வேணாம்! ஒருத்தரும் உள்ள காலெடுத்து வைக்கக் கூடாது!"

அவள் ஃப்ரிட்ஜைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "எங்க தப்பு ஆன்ட்டி" என்றாள். சோடா உப்பும் எலுமிச்சம்பழமும் கொண்டுவந்து, மண்டி போட்டு, ஒவ்வொரு தட்டாகக் கழுவிக் கொடுத்தாள். நான் சமையலறையைப் பூட்டிக்கொண்டு கோயிலுக்குப் போனேன். மற்றவர்கள் பிரியாணி விற்க, நான் வேர்க்கடலை சுண்டல் விற்றேன். என் வீட்டுக்காரர் அன்றைக்கு மிகவும் அமைதியாக இருந்தார். எனக்காக வருத்தப்படுகிறார் என்று நினைத்தேன்.

கோபம் மூன்று நாளில் தணிந்துவிட்டது. எனக்கு எப்போதும் அப்படித்தான், பால் பொங்குவது போல. மேலே போய், "வந்து எடுத்துக்கோ" என்றேன். ஆனால் அதற்குள் வங்கக் கடலில் புயல் சின்னம், பெங்களூர் முழுக்க மூட்டம். வானம் வெளுத்தபோது சுவரில் கட்டம் டேப்பைத் தாண்டி அடுப்புப் பக்கம் போயிருந்தது. நாளுக்கு நாள் மெலிந்து, கோடாகி, டிசம்பரில் காணாமலே போயிற்று.

"கிறிஸ்துமஸ் வரைக்கும் போகும் ஆன்ட்டி. அப்புறம் வந்த வழியே திரும்பும். பிப்ரவரி முதல் வாரம் டேப்புக்கு வந்துடும்" என்றாள் அவள்.

"அடுத்த வருஷமும் வரும்ல?"

அவள் ஜன்னல் பக்கம் பார்த்தாள். எதிர்வீட்டு வாசலில் கம்பியும் மணலும் வந்து இறங்கியிருந்தன. மார்ச்சில் இன்னொரு மாடி எழுப்பி, சந்துப் பக்கமும் சுவரை நீட்டப்போகிறார்கள். இந்தப் பிப்ரவரியை விட்டால் அந்த வெயில் எங்கள் வீட்டுக்கு வராது.

ஜனவரியில் நான் மொட்டை மாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தபோது இயக்குநரும் அவளும் சண்டை போடுவது கேட்டது. விழாவுக்குப் படம் அனுப்ப வேண்டும், ஒரே ஒரு ஷாட்டுக்காக எல்லாம் நிற்கிறது என்று அவன் கன்னடத்தில் கத்தினான். வேறு வீட்டில் ஒரு பெரிய லைட்டை வைத்தால் வெயில் மாதிரியே இருக்கும், அவளால் முடியாவிட்டால் வேறு கேமராமேன் தயாராக இருக்கிறார், படத்தில் பெயரை இரண்டாகப் போட்டுக்கொள்ளலாம் என்றான். எத்தனை வருடமாக அவள் காத்திருந்த பெயர் அது.

அவள் குரலை உயர்த்தவில்லை. "படம் முழுக்க அந்த அம்மா வெயிலே படாத வீட்டுல இருக்காங்க. கடைசியில ஒரு தடவைதான் வெயில் வருது. அதையும் பொய்யா வைக்கணுமா?" என்றாள். பிறகு, "பிப்ரவரி முதல் வாரம் வரைக்கும் டைம் குடு. அதுக்கு மேல நான் கேட்கல. நீ யாரை வேணாலும் வெச்சு எடுத்துக்கோ" என்றாள். அவன் படியை உதைத்துக்கொண்டு இறங்கிப்போனான்.

தை பிறந்ததும் கல்யாண சீசன். அவள் வயிற்றுப்பாட்டுக்கு இன்னமும் கல்யாண வீடியோதான். விடியுமுன் ஓசூர், கிருஷ்ணகிரி என்று கிளம்பிவிடுவாள். காலை வெயிலைப் பார்க்க வீட்டில் இருக்க முடியாது. நான் பார்க்கிறேன் என்றேன். அவள் சரி என்றாள்.

அன்றிலிருந்து தினமும் காலையில் காப்பியோடு அந்தச் சுவர் முன்னால் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தேன். ஐ.சி.யூ.வில் மானிட்டரைப் பார்த்ததற்குப் பிறகு இவ்வளவு நேரம் எதையும் நான் உற்றுப் பார்த்ததில்லை. முதலில் ஒன்றுமில்லை. பிறகு ஒரு நாள் அடுப்புக்கு மேல் நூல் மாதிரி ஒரு கோடு. அது தடித்து, பட்டையாகி, தினமும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வந்தது. பல்லி ஓடினாலும் எனக்குப் பதறியது. "வெயில் எங்க இருக்கு?" என்று என் வீட்டுக்காரர் பேப்பருக்குப் பின்னாலிருந்து கேட்பார். "மிளகாய்த்தூள் டப்பாகிட்ட" என்பேன். இப்படி எங்கள் கல்யாண வாழ்க்கையில் நாங்கள் பேசிக்கொண்டதே இல்லை.

டேப்புக்கும் கட்டத்துக்கும் ஒரு விரற்கடைதான் பாக்கி என்ற நாளில் அவளுக்குப் போன் செய்தேன். அந்தப் பக்கம் கெட்டிமேளம்.

"வந்துடுச்சும்மா! நாளைக்கு டேப்பைத் தொட்டுடும். கிளம்பி வா!"

மறுநாள் காலையில் எல்லோரும் எங்கள் சமையலறையில் இருந்தார்கள். இயக்குநர் வானத்தைப் பார்த்து நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தான். வானம் துடைத்துவிட்டது போல் இருந்தது. ஒலிப்பதிவுக்காரர் ஃப்ரிட்ஜை அணைத்துவிட்டு, சாவியை உள்ளே வைக்கப் போனார். அவள் தடுத்தாள்.

"இந்தத் தடவை அங்கிள் கையில குடுங்க. அவர் பத்திரமா வெச்சிருப்பார்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் என் வீட்டுக்காரர் முகம் வெளிறிவிட்டது. அந்த முகத்தை எனக்குத் தெரியும். "என்ன?" என்றேன். அவர் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

"அன்னிக்கு... தண்ணி எடுக்க ஃப்ரிட்ஜைத் திறந்தேன். தயிர்ச் சட்டிக்குப் பக்கத்துல ஒரு சாவி. யாரோ ஞாபகமறதியா வெச்சுட்டாங்கன்னு எடுத்து வாசல் ஆணியில மாட்டினேன். எனக்கு எப்படித் தெரியும்?"

ஒலிப்பதிவுக்காரர் அன்று சாமான்களைக் கட்டும் அவசரத்தில் ஆணியில் தொங்கிய சாவியைப் பார்த்து, ஃப்ரிட்ஜ் ஞாபகமே வராமல் எடுத்துக்கொண்டு கிளம்பியிருக்கிறார். மூன்று மாதமாக முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்திருக்கிறார் என் வீட்டுக்காரர்! நான் வாயைத் திறக்குமுன் இன்னொன்று உறைத்தது. அவள் பக்கம் திரும்பினேன்.

"உனக்கு எப்படித் தெரியும்?"

அவள் அலமாரி மேல் பக்கம் கண்ணைக் காட்டினாள். அந்தச் சின்ன கேமரா. ஞாயிற்றுக்கிழமை காலையில், நான் விரட்டிய பிறகு, மேலே போய் அதைப் போட்டுப் பார்த்திருக்கிறாள். அங்கிள் ஃப்ரிட்ஜைத் திறப்பதும், சாவியை ஒரு கர்ச்சீப்பால் துடைத்து எடுத்துக்கொண்டு போவதும் அதில் தெளிவாக இருந்ததாம்.

"அப்பவே கொண்டுவந்து காட்டியிருக்கலாமே! நான் கதவைத் திறந்திருப்பேன். அன்னிக்கே உன் ஷாட் முடிஞ்சிருக்கும்!"

"காட்டியிருந்தா அங்கிளை நீங்க என்ன பண்ணியிருப்பீங்க ஆன்ட்டி? பண்டிகை நாளு வேற."

நான் என்ன செய்திருப்பேன் என்று எனக்குத் தெரியும். கோயில் வாசலில் வைத்தே கிழித்திருப்பேன். வருடம் முழுக்கச் சொல்லிக் காட்டியிருப்பேன். தன் பெயர் தனியாக வரவேண்டிய படத்தை, என் புருஷன் என்னிடம் திட்டு வாங்கக் கூடாது என்பதற்காக, மூன்று மாதம் ஆணியில் தொங்கவிட்டிருக்கிறாள் இந்தப் பெண். எனக்கு அழுகை வந்தது. நான் அழுகிறவள் இல்லை.

"ஆன்ட்டி, அப்புறம் அழலாம். வெயில் வருது" என்றாள்.

கட்டம் டேப்பின் மேல் வந்து உட்கார்ந்தது. டேப்பை உரித்தார்கள். நடிக்கிற அம்மா சுவரருகே வந்து கையை நீட்டினார். உள்ளங்கை முழுக்க வெயில் நிரம்பியது. இயக்குநர் கட் சொல்ல வாயைத் திறந்தான். அவள் கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமல் இடது கையை மட்டும் உயர்த்தி அவனை நிறுத்தினாள். வெயில் மெல்ல நகர்ந்து, விரல்நுனி வரை போய், கையை விட்டு இறங்கியது. அந்த அம்மாவின் கை மட்டும் அங்கேயே இருந்தது. அதற்குப் பிறகுதான் இவள் உயர்த்திய கையைக் கீழே போட்டாள். அவள் விரல் ஒருதரம்கூட நடுங்கவில்லை.

படப்பிடிப்பு முடிந்தால் பூசணிக்காய் உடைப்பது அவர்கள் வழக்கம். வாங்கியும் வந்திருந்தார்கள். என் வாசலில் உடைத்து, பைக்கில் போகிறவன் எவனாவது வழுக்கி விழுந்தால் கட்டுப் போடுவதும் நான்தான் என்று சொல்லி அதைப் பிடுங்கிக்கொண்டு போய்க் கூட்டு வைத்தேன். எல்லோரும் சாப்பிட்டார்கள். பூசணிக்காயை அரிந்து கொடுத்தது என் வீட்டுக்காரர். அது தண்டனை.

படம் பல ஊர்களுக்குப் போனது. எங்கள் ஊரிலும் ஒரு சின்ன அரங்கில் போட்டார்கள். ஒளிப்பதிவு என்று அவள் பெயர் ஒன்றே தனியாக வந்தபோது நான் என் வீட்டுக்காரர் கையைக் கிள்ளிவிட்டேன். முடிந்ததும் சினிமா படிக்கிற ஒரு மாணவன் எழுந்து, கடைசி ஷாட்டுக்கு என்ன லைட் வைத்தீர்கள் என்று கேட்டான். அவள் மைக்கை வாங்கி, "லைட் எதுவும் வைக்கல" என்றாள். பிறகு மூன்றாவது வரிசையைக் காட்டி, "அவங்கதான் போன் பண்ணி வெயில் வந்துடுச்சுன்னு சொன்னாங்க" என்றாள். அரங்கமே திரும்பிப் பார்த்தது. நான் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டேன்.

இப்போது எதிர்வீட்டு மாடி எழும்பிவிட்டது. சந்து இல்லை. காலையில் டியூப் லைட்டைப் போட்டுக்கொண்டுதான் சமைக்கிறேன். அவள் ஊர் ஊராகப் படம் எடுக்கப் போகிறாள். போன் செய்தால் முதலில் கேட்பது, "அங்கிள் எப்படி இருக்கார்?" டேப்பை உரித்த இடத்தில் சுவரில் கொஞ்சம் பெயிண்ட் பெயர்ந்திருக்கிறது. போன கிறிஸ்துமஸுக்கு வெள்ளையடிக்க ஆள் வந்தபோது, அந்த இடத்தை மட்டும் தொடக் கூடாது என்று என் வீட்டுக்காரர் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து காவல் காத்தார். நான் அவரை ஒன்றும் சொல்லவில்லை.